அறையின் அமைதி

"எவருக்கும் இரக்கம் காட்டாத ஆவணப்பட இயக்குநர், எழுத்தாளர்" என்கிறது ஐசபெல் த்ரெல்ஃபாலைப் பற்றித் தொலைக்காட்சி நிறுவனம் வெளியிட்ட இரங்கல் குறிப்பு. எழுதியவர் அவரைச் சந்தித்திருக்க நியாயமில்லை. தேநீர் ஆறியிருந்தால்கூடக் கொண்டுவந்தவரிடம் சொல்ல ஐசபெல்லுக்கு வாய் வராது.

எழுபதுகளின் கடைசியில், இங்கிலாந்தின் ஃப்ளீட்வுட் துறைமுகத்திலிருந்து மீன்பிடிக் கப்பலில் போய்த் திரும்பாதவர்களின் வீடுகளைப் படமாக்கினார். எட்னா லெட்பெட்டரின் மகன் அவர்களில் ஒருவன். எட்னா, படக்குழுவினருக்கு நாள் முழுக்க ரொட்டியில் வெண்ணெய் தடவிக் கொடுத்தார். மகனைப் பற்றிக் கேட்டால் மட்டும், "நல்ல பையன்" என்பதோடு சரி.

"போதும் எட்னா, முடிஞ்சுது," என்றார் ஐசபெல்.

விளக்குகள் அணைந்தன. அதன்பின் ஒலிப்பதிவாளர், அந்த அறையின் வெறும் அமைதியை அரை நிமிடம் பதிவுசெய்வது வழக்கம். படத்தைத் தொகுக்கும்போது ஒலியில் விழும் இடைவெளிகளை நிரப்ப அது வேண்டும். எல்லாரும் அசையாமல் நிற்பார்கள். அன்று எட்னாவிடம் இதைச் சொல்ல ஐசபெல் மறந்துவிட்டார்.

எல்லாரும் சும்மா நிற்பதைப் பார்த்து எட்னா பேசினார். "அன்னிக்கு அவன் போகலேன்னுதான் சொன்னான். உடம்பு முடியலேன்னான். நான்தான் சோம்பேறின்னு திட்டி அனுப்புனேன். அவங்கப்பாவுக்குக்கூடத் தெரியாது."

கிளம்பும்போது வாசலில் எட்னா ஐசபெல்லின் கையைப் பிடித்துக்கொண்டார். "மெஷின் நின்னுதானே இருந்துச்சு, கண்ணு?"

"நின்னுடுச்சு," என்றார் ஐசபெல்.

மான்செஸ்டரில் படத்தொகுப்பாளர் கென்னத் பிம் ஒலிநாடாவைக் கேட்டார். "கடலைக் காட்டி, மேல இந்தக் குரலைப் போடு. பரிசு உன் வீடு தேடி வரும். நீ என்னடான்னா சாவு வீட்டுக்குப் போனவ மாதிரி உக்காந்திருக்கே."

"சாவு வீட்டுக்குத்தானே போயிருந்தேன், கென்."

"அவங்களையே கேட்டுப் பாரேன்."

"கேட்டா, பதிவாயிருக்குன்னு தெரிஞ்சுடும். அப்புறம் அந்தம்மா தூங்குவாங்களா?"

அந்தக் குரல் இல்லாமலே படம் ஒளிபரப்பானது. பத்திரிகைகள் "நிதானமான படம்" என்றன. யாரும் கடைசிவரை பார்க்கவில்லை என்று பொருள். நிறுவனம் அவருக்கு அடுத்த படம் தரவில்லை. மீதிக் காலமெல்லாம் கால்வாய்களையும் கடற்பறவைகளையும் பற்றி மற்றவர்கள் எடுத்த படங்களுக்கு வர்ணனை எழுதினார். எட்னாவிடமிருந்து கிறிஸ்துமஸ் வாழ்த்து வந்துகொண்டிருந்தது, கணவரும் கையெழுத்திட்டு. ஐசபெல்லுக்கு ஒவ்வொரு முறையும் உறையைப் பிரிக்க நேரமாகும்.

அந்தக் குரல் இருந்த நாடா எப்படித் தொலைந்தது என்று கென்னத் கடைசிவரை கேட்டுக்கொண்டிருந்தார். அன்று அவர் சாப்பிடப் போயிருந்தபோது ஐசபெல் அந்த அரை நிமிடத்தை வெட்டியெடுத்து, துண்டுதுண்டாக நறுக்கி, குப்பையில் போட்டிருந்தார்.