பத்து வருஷப் பெரட்டு

"பேரு விட்டுப்போன நாள்ல நான் என்ன பண்டாரவளைச் சந்தையில பட்டுச்சேலையா பாத்துக்கிட்டு இருந்தேன்? நாலு புள்ளை பெத்துப் படுத்திருந்தேன்யா! அதுல ரெண்டு இப்ப ஒங்க பெரட்டுலதான் நிக்குது!"

வேலாயி இப்படிக் கத்துனது வேற யாரையும் இல்லை, பெரிய கங்காணி மாடசாமியை. அதுவும் ஞாயித்துக்கிழமை காலையில, மாரியம்மன் கோயில் முன்னால, நமுனுகுல தேயிலைத் தோட்டத்துச் சனம் பூராவும் நிக்கையில. கங்காணிக்கு மூஞ்சி செத்துப்போச்சு. மென்ன வெத்தலை வாயிக்குள்ளயே நின்னுபோச்சு.

சங்கதி இதுதான். லயத்து வரிசை வூடுகளுக்கு ஒரு பஞ்சாயத்து, அதுல அஞ்சு பேரு. பெரிய வழக்கைப் பெரியவங்க பாப்பாங்க. பீலிக் கொழாய்த் தண்ணிச் சண்டை, கோழிச் சண்டை, மாமியா மருமவ சண்டை, இதையெல்லாம் சின்னப் பஞ்சாயத்தாருன்னு ஒரு ஆளு பாக்கணும். அந்த ஆளு காய்ச்சல்ல போய்ச் சேந்துட்டான். எடம் காலி. ஒடனே கங்காணி ஒரு சட்டம் போட்டாரு: பத்து வருஷம் ஒரு மாசமும் விடாம காலையில பெரட்டுல, அதான் வேலைக்கு ஆள் எண்ணுற எடத்துல, பேரு குடுத்தவங்கதான் அந்த எடத்துக்கு வரலாம்.

கேக்க நல்லாத்தான் இருந்துச்சு. ஆனா அப்படிப் பேரு குடுத்தவன் இந்த மலையில எவன் இருக்கான்? ஒருத்தன் ஊருக்குப் போயி கல்யாணம் கட்டிட்டு வந்தான். ஒருத்தன் அம்மை போட்டுக் கெடந்தான். சலிச்சுப் பாத்தா ஒரே ஒரு ஆளு தேறுனான். கங்காணியோட அக்கா மவன் இராசையா! வயசு இருவது. பத்து வயசுலயே அரைக்கூலிக்கு அரைப்பேரு விழ ஆரம்பிச்சவன். மீசை ஒழுங்கா மொளைக்கல, நாயம் சொல்ல வந்துட்டான்.

வேலாயிக்கு ஏன் அம்புட்டு வேகம்னு கேட்டா, அது புருஷன் செத்த வருஷத்துக் கதை. மரம் வெட்டப் போன எடத்துல அடிபட்டுச் செத்தான். முப்பதாம் நாள் காரியம் கூட ஆகலை, "ஆம்பளை இல்லாத வூட்டுக்கு முழுக் காம்பரா எதுக்கு?"ன்னு பஞ்சாயத்து கூடுச்சு. இவ வாயைத் தொறந்தா. "ஒனக்காகப் பேச ஆம்பளை யாராச்சும் இருக்கானா?"ன்னு கேட்டாங்க. இல்லை. வெத்தலை ஒரு வாய் மெல்லுற நேரத்துல தீர்ப்பு முடிஞ்சுது. அந்த ஒத்தை அறைக் காம்பரா நடுவுல தட்டி கட்டி, பாதியை வேற குடும்பத்துக்குக் குடுத்துட்டாங்க. நாலு புள்ளையோட அவ காலை மடக்கித்தான் தூங்குனா. அன்னைக்கே மனசுல முடிஞ்சு வச்சுக்கிட்டா, அந்த எடத்துல நான் ஒக்காந்தே தீருவேன்னு.

இப்ப சட்டத்துல ஆம்பளைன்னு ஒரு வார்த்தை இல்லை. பொம்பளை கேப்பான்னு கங்காணி கனவுலயும் நெனைக்கலை, அதான். இவ கேட்டதும், புள்ளை பெத்த மாசத்துல பேரு விழலையேன்னு தூக்கிப் போட்டாரு. அதுக்குத்தான் அந்தக் கத்தல்.

"சும்மா கூவாதடி. சட்டம்னா சட்டம்" அப்படின்னாரு கங்காணி.

"சரிங்க கங்காணியாரே. இராசையா, இங்க வாப்பா. ஏழாம் நம்பர் மலையில கொழுந்து எடுக்கையில தாகம் எடுத்தா, தண்ணிக்கு எங்க போவோம்?"

கொழுந்து எடுக்குற சின்னப் புள்ளைக்கும் தெரியும், யானைப்பாறைக்கு அடியில ஊத்து இருக்குன்னு. இராசையா முழிச்சான். மாமனைப் பாத்தான். பாவம், பொய் சொல்லத் தெரியாத பய.

"எனக்கு எப்படித் தெரியும் அத்தை? நான் மாமா மாட்டைத்தானே மேய்ச்சேன்!"

கோயில் மணி அடிச்ச மாதிரி பொம்பளைங்க சிரிச்சாங்க. "மாட்டையும் கூப்பிடுங்கடி, அதுவும் பத்து வருஷம்தான்!"னா பெரியாயி.

பஞ்சாயத்துத் தலைவர் அழகையா தலைப்பாவைக் கழட்டி மடியில வச்சாரு. "மாடு மேய்ச்சவனுக்குப் பேரு விழுந்திருக்கு, புள்ளை பெத்தவளுக்கு விழலை. இந்தச் சட்டம் கோணலு. விட்ட மாசம் கெடக்கட்டும். மலையில நின்ன மாசத்தை மட்டும் கூட்டு. பத்து வருஷத்துக்கு மேல யாரு இருந்தாலும் வரலாம்."

கூட்டுனாங்க. எடம் வேணும்னு வந்ததுல மூணு ஆம்பளைங்க தேறுனாங்க. வேலாயிக்கு இருவத்தியொரு வருஷம் வந்துச்சு. ஆம்பளைங்க மூணு பேரும் ஒருத்தன் மூஞ்சியை ஒருத்தன் பாத்தாங்க. "வேலாயியோட நமக்கெதுக்கு வம்பு"ன்னு ஒருத்தன் துண்டை ஒதறித் தோள்ல போட்டான். மத்தவங்களும் நகந்துட்டாங்க.

கங்காணி விடுவாரா? "நாயம் சொல்லட்டும். ஆனா ஆம்பளைங்க ஒக்காருற ஜமுக்காளத்துல பொம்பளை ஒக்காரக் கூடாது. நின்னுக்கிட்டே சொல்லட்டும்."

அழகையாவும் இதுக்குத் தலையாட்டிட்டாரு. வேலாயி மறு ஞாயிறு விடியுமுன்னே எறங்கி பதுளைக்கு நடந்தா. இருட்டுறதுக்குள்ள கக்கத்துல ஒரு சுருட்டலோட திரும்புனா.

அடுத்த பஞ்சாயத்துல, ஆம்பளைங்க ஜமுக்காளத்துக்கு ஒரு சாண் தள்ளி தன்னோட புது ஜமுக்காளத்தை விரிச்சு, சம்மணம் போட்டு ஒக்காந்தா. மொத வழக்கு கருப்பம்மாவோடது, பீலிச் சண்டை. அவ பழக்கத்துல புருஷனைத் தேடித் திரும்புனா.

"அங்க என்னடி பாக்குற? ஒன் வாய் எங்க போச்சு? நீயே சொல்லு."

கருப்பம்மா சொன்னா. சொல்லி முடிச்சு, தீர்ப்பும் வாங்கிட்டு, போறப்ப குனிஞ்சு வேலாயி ஜமுக்காளத்து ஓரத்தைத் தடவிப் பாத்தா. செவப்பும் நீலமுமா கோடு போட்டது. "என்ன வெலை அக்கா?"

"பதுளை புஹாரி நாநா கடையில வாங்குனேன். எம்புட்டுப் பேசியும் ஒரு சதம் கொறைக்கலை அந்த மனுசன். ரெண்டேகால் ரூபா."