மூச்சை இழுங்க, தாலியைக் கழற்றுங்க

எக்ஸ்ரே எடுக்கும் தொழிலில் "மூச்சை இழுத்துப் பிடிங்க" என்று சொல்லக் கற்க ஒரு நாள் போதும். "உடம்புல ஒண்ணும் இல்லீங்க" என்பவரை நம்பாமலிருக்கக் கற்கத்தான் வருஷக்கணக்காகிறது. காரைக்காலில் ஒரு சின்ன ஸ்கேன் சென்டரில் பத்தொன்பது வருஷமாக நான் அதைத்தான் கற்றுக்கொண்டிருக்கிறேன். வெளியே பெஞ்சில் உட்கார்ந்து "உள்ள என்னதான் பண்றா இந்தப் பொம்பளை" என்று என்னைத் திட்டிய அன்பர்களே, தாமதம் என்னால் இல்லை. உங்களுக்கு முன்னால் உள்ளே போனவர் எதையோ மறைத்திருப்பார். நீங்களும் மறைத்திருப்பீர்கள்.

காலித் தாயத்து

விழிதியூர் விவசாயி ஒருவர் இடுப்பு வலி என்று வந்தார். "அரைஞாண் கயிறு, சாவி, தாயத்து ஏதாவது இருக்கா?" என்று மூன்று தடவை கேட்டேன். மூன்று தடவையும் குலதெய்வத்தின் மேல் ஆணையிட்டு இல்லை என்றார். திரையில் பார்த்தால், இடுப்பெலும்புக்குப் பக்கத்தில் ஒரு தாயத்து ஜம்மென்று படுத்திருக்கிறது. வேட்டிக்குள் சுருட்டி வைத்திருந்திருக்கிறார்.

எத்தனையோ தாயத்துகளை நான் திரையில் பார்த்தவள். உள்ளே மந்திரம் எழுதிய செப்புத் தகடு இருந்தால் சுருள் சுருளாக அடர்ந்து தெரியும். இவருடையதில் மேல் ஓடு மட்டும்தான் தெரிந்தது. கோபத்தில் அதைச் சொல்லியும்விட்டேன். சொல்லியிருக்கக் கூடாது. அவர் திரையைப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்: "அப்ப ஏழு வருஷமா என்னை யாரும்மா காப்பாத்துனா?"

முதுகுப் பக்கம்

வள்ளி திருவேட்டக்குடிக்காரி. மீன் விற்கிறவள், முப்பது வயதிருக்கும். மூன்று வாரமாக இருமல், சாயங்காலமானால் காய்ச்சல். டி.பி.யாக இருக்குமோ என்ற சந்தேகத்தில் நெஞ்சுப் படம் எடுக்கச் சொல்லி டாக்டர் எழுதியிருந்தார். தாலியைக் கழற்றச் சொன்னேன். "அவரு கடல்ல இருக்காருக்கா. கரைக்கு வர்ற வரைக்கும் கழட்ட மாட்டேன்" என்றாள். அப்படியானால் நெஞ்சை விட்டு நன்றாக ஒதுக்கிக்கொள் என்றேன். "ஒதுக்கிட்டேன்" என்றாள். அங்கியைத் தூக்கிப் பார்க்காமல் பொத்தானை அமுக்கியது என் தப்பு.

படத்தில் வலது நுரையீரலின் மேல் பக்கம் தாலிச் சங்கிலி, இரண்டு குண்டு, பொட்டு எல்லாம் அழகாக விழுந்திருந்தன. அவள் தாலியை அங்கிக்குள் முதுகுப் பக்கம் தள்ளிவிட்டிருக்கிறாள். கதிர் முன்பக்கம், பின்பக்கம் என்று பார்க்குமா? "தாலிக்கு அடியில ஏதோ வெள்ளையா இருக்கு, நிச்சயமா சொல்ல முடியலை, திரும்ப எடுங்க" என்றார் டாக்டர். வந்து வள்ளியிடம் சொன்னேன். நான் ஏதோ ஏமாற்றுவதுபோல அவள் என்னைப் பார்த்தாள். "நெஞ்சுலதான் ஒண்ணும் இல்லாம நின்னேனே, உங்க மிஷினு ஏன் முதுகைத் தேடிப் போச்சு?"

யார் கட்டுவது

இப்படிப்பட்டவர்களுக்காகவே என் மேஜை இழுப்பறையில் மஞ்சள் கயிறும் விரலி மஞ்சளும் வைத்திருப்பேன். முதலில் மஞ்சளைக் கட்டிக்கொண்டு பிறகு தங்கத்தைக் கழற்றினால் கழுத்து ஒரு நிமிஷமும் வெறுமையாக இருக்காது. கயிறு படத்தை மறைக்கவும் மறைக்காது. "இது எக்ஸ்ரே ரூமா, கல்யாண மண்டபமா புள்ள?" என்று ரிசப்ஷனில் இருக்கும் ரஹ்மத் அக்கா கேலி செய்வார்கள். கயிற்றை நான் கொடுப்பேன், கட்டிக்கொள்வது அவரவர் பாடு. அதுதான் என் வழக்கம்.

வள்ளி கயிற்றைக் கையில் வாங்கவில்லை. "அவரு இல்லாத நேரத்துல என் கையால நானே கட்டிக்க மனசு வரலை. நீங்க சுமங்கலி, நீங்க கட்டிவிடுங்க" என்று கழுத்தை நீட்டினாள். என் கணவர் இறந்து எட்டு வருஷமாகிறது. ஒரு மெல்லிய செயின் போட்டிருப்பேன். அதன் நுனி கோட்டுக்குள் போய்விடும். பார்க்கிறவர்கள் என்ன வேண்டுமானாலும் நினைத்துக்கொள்ளட்டும் என்று விட்டிருந்தேன். அன்றைக்குப் பேசாமல் கட்டியிருக்கலாம். ஆனால் நாள்கணக்கில் கடலில் இருக்கும் ஒருவனை நம்பி நீட்டிய கழுத்து அது. "நான் கட்டக் கூடாதும்மா, எனக்கு அவரு இல்லை" என்று சொல்லிவிட்டேன். அவள் மெதுவாக இரண்டடி பின்னால் போனாள். "அப்ப உங்க கழுத்துல கிடக்கிறது என்னக்கா?"

கறுப்பு மூச்சு

வள்ளி படம் எடுக்காமலே போய்விட்டாள். எனக்குக் கோபமும் அவமானமும் சேர்ந்து வந்தன. ஊரார் மறைப்பதையெல்லாம் கண்டுபிடிக்கிறவளை ஒரு மீன்காரி ஒரே கேள்வியில் கண்டுபிடித்துவிட்டாள். அதைவிட, அந்த வெள்ளைத் திட்டு என்னை அரித்தது. டி.பி.யாக இருந்தால் ஒவ்வொரு நாளும் அது பரவும். கதவு திறக்கும்போதெல்லாம் அவளோ என்று பார்த்தேன்.

மறுநாள் கதவைத் திறந்து வந்தவர் ஒரு ஸ்தபதி. கோபுரத்தில் சுதைச் சிற்பம் செய்யும்போது சாரத்திலிருந்து விழுந்து விலாவில் அடி. எலும்பு முறியவில்லை. படத்தைக் காட்டியதும் அவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. "நாங்க சாமிக்கு எலும்பு காட்ட மாட்டோம், நரம்பு காட்ட மாட்டோம். மூச்சை இழுத்து நிறுத்துன மாதிரி மாரையும் வயித்தையும் லேசா உப்பவிடுவோம். நீங்களும் மூச்சைப் பிடிக்கச் சொன்னீங்க. அது எங்க இதுல?" என்றார். விலாக்களுக்கு நடுவே கறுப்பாகத் தெரிவதுதான் மூச்சு, காற்று கறுப்பாகத்தான் விழும் என்றேன். அவர் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துத் தலையை ஆட்டினார். "மூச்சைக் கறுப்பா காட்டுனா யாருங்க கும்பிடுவா?"

பேர் போட்ட முட்டி

அதற்கடுத்த நாள், மூட்டு வலியோடு ஒரு பஸ் டிரைவர். படம் எடுத்து முடித்ததும் இன்னொரு பிரதி வேண்டும் என்றார். வேறு டாக்டரிடம் காட்டப் போகிறார், எங்கள் டாக்டர்மேல் நம்பிக்கை இல்லை என்று நினைத்துக்கொண்டு முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். அவர் அவநம்பிக்கை வேறு ஆள் மேல். கால் குணமாக வேண்டும் என்று கோயிலுக்கு வெள்ளியில் கால் செய்து போடுவதாக வேண்டியிருந்தாராம். "கடையில விக்கிறது யாரு காலோ. சாமி யாரு முட்டின்னு எப்படிக் கண்டுபிடிக்கும்? அதான் இதையும் சேர்த்து உண்டியல்ல போடப்போறேன். இதுல பாருங்க, என் பேரு, வயசு, வலதா இடதான்னு எல்லாம் போட்டிருக்கு."

மண்டபம்

நாலாம் நாள் வள்ளி புருஷனோடு வந்தாள். கரையில் இறங்கிய கையோடு வந்திருக்கிறான். உடம்பெல்லாம் டீசல் வாசனை. ரஹ்மத் அக்கா எழுந்து வந்து வாசலில் நிற்க, அவன் எக்ஸ்ரே மிஷினுக்கு முன்னால் மஞ்சள் கயிற்றில் மூன்று முடிச்சுப் போட்டான். அதன் பிறகுதான் தங்கம் கழன்றது. நான் அங்கியைத் தூக்கி முதுகையும் பார்த்துக்கொண்டேன். படம் சுத்தமாக விழுந்தது, திட்டும் தெளிவாக விழுந்தது. சளிப் பரிசோதனையிலும் டி.பி. என்றே வந்தது. ஆறு மாதம் மாத்திரை. முழுதாகச் சாப்பிடுவாளா என்று அவள் மேல் எனக்குச் சந்தேகம். நான் உண்மையைத்தான் சொல்கிறேனா என்று என் மேல் அவளுக்குச் சந்தேகம். வெளியே போகும்போது திரும்பிக் கேட்டாள்: "படத்துல வேற எதுவும் இருந்தா இப்பவே சொல்லிடுங்க, அப்புறமா சொல்லாதீங்க."

முடிச்சு

மாத்திரை முடிந்து கடைசிப் படத்துக்கு வந்தபோது அவள் தனியாக வந்தாள். கன்னத்தில் சதை போட்டிருந்தது. புருஷன் மறுபடியும் கடலில். திரும்பவும் நாலு நாள் காத்திருக்க வேண்டுமா என்று எனக்கு அலுப்பாக இருந்தது. மேஜை இழுப்பறையைத் திறந்து கயிற்றை வைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றேன். என் செயினை இப்போதெல்லாம் கோட்டுக்கு வெளியேதான் போடுகிறேன். அதில் ஒன்றுமில்லை என்று யாரும் பார்த்துக்கொள்ளலாம்.

கட்டி முடித்திருப்பாள் என்று நினைத்தேன். திரும்பினால், கயிற்றை என் பக்கம் நீட்டிக்கொண்டு நிற்கிறாள். என்னைச் சோதிக்கிறாளா? முகத்தைப் பார்த்தேன், ஒன்றும் பிடிபடவில்லை. "எனக்குத்தான்..." என்று ஆரம்பித்தேன். தெரியும் என்று தலையை ஆட்டினாள். கயிற்றை வாங்கி அவள் கழுத்தில் கட்டினேன். ஒரு முடிச்சுக்கே அவ்வளவு நேரமாயிற்று. படத்தில் பழைய வடு ஒன்று மட்டும்தான் இருந்தது. அழுதுவிடுவேன் என்று நினைத்தேன், அழவில்லை. வள்ளி தங்கத்தைத் திரும்பப் போட்டுக்கொண்டு, கயிற்றை அவிழ்த்து என் கையில் கொடுத்துவிட்டு, கதவுக்கு வெளியே ஒரு தடவை எட்டிப் பார்த்தபின் சொன்னாள்: "நீங்க கட்டுனத அவருகிட்ட மட்டும் சொல்லிடாதீங்கக்கா."

பத்தொன்பது வருஷமாக ஊரார் நெஞ்சையெல்லாம் படம் பிடிக்கிறேன். சந்தேகம் எந்த விலாவுக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறது என்பது மட்டும் இன்னும் ஒரு படத்திலும் விழவில்லை, முதுகுப் பக்கம் தள்ளிவிட்டிருக்கிறோம்போலிருக்கிறது.