பூதப்பாண்டி கேசட்டில் அப்பா செத்த கதை

கல்லூரி முடித்து வீட்டில் கிடக்கிறேன். லேப்டாப்பில் ஒரு ஜப்பான் படம். கம்பெனிக் காசு எதுவும் இல்லாமல், சொந்த வீட்டிலேயே படமெடுத்துக் கிழவனான ஆள். இயக்குநரும் அவர்தான், ஹீரோவும் அவர்தான். ஒரு காட்சியில் ஆள் தெரியும் முன்பே தடதடவென்று காலடிச் சத்தம் வருகிறது. கேமராவை ஓடவிட்டுவிட்டு அவரே அதன் முன்னால் ஓடி வந்து நிற்கிறார்.

எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. அது அப்பாவின் செருப்புச் சத்தம்.

நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது, எங்கள் ஊரான கொட்டாரத்தில் அப்பா கல்யாண வீடியோ எடுத்தார். கேசட்டில் மிச்சமிருக்கும் இடத்தில் தானே நடிக்கும் சொந்தக் கதைப்படத்தை எடுப்பார். கேமராவை உரல்மேல் வைத்துவிட்டு ஓடிப்போய், தேங்காய் எண்ணெயில் குழைத்த குங்குமம் வழிய விழுந்து சாவார்.

"எழும்புங்க, தரை கறையாவுது" என்பாள் அம்மா.

ஒருமுறை அந்தச் சாவை அழிக்க மறந்து, பூதப்பாண்டிக் கல்யாண வீட்டுக்கே கேசட்டைக் கொடுத்துவிட்டார். கேசட்டில் பந்திக் காட்சி முடிந்ததும் டிவியில் அப்பா ரத்தம் கக்கியிருக்கிறார். பெண்ணின் மாமா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார்.

"என்னவே, கல்யாண கேசட்டுல சாவு காட்டுதீரு? பிள்ளை வெளங்குமா?"

கத்தித் தீர்த்துவிட்டு வாசலில் திரும்பினார். "அது கெடக்கட்டும், அந்த ஆளு பொழைச்சானா?"

"இனிதான் எடுக்கணும், அண்ணாச்சி."

அதன்பின் அப்பாவை யாரும் கல்யாணத்துக்குக் கூப்பிடவில்லை. படமும் பாதியில் நின்றது.

லேப்டாப்பை மூடிவிட்டு அடுத்த அறைக்குப் போனேன். "அப்பா, அந்த ஆளு பொழைச்சானா?"

அப்பா எழுந்தார். "ஒன் போன்ல வீடியோ நல்லா விழுமா மக்கா?"

அடுக்களையிலிருந்து அம்மா கத்தினாள்: "இந்தத் தடவ தரைய நீங்கதான் தொடைக்கணும்!"