ரேடியோ அக்காவுக்கு எழுதிய சீட்டு

படுக்கை விரிப்பை மடிக்க இரண்டு பேர் வேண்டும். ஆளுக்கு இரண்டு முனையைப் பிடித்துக்கொண்டு எதிரெதிரே நிற்க வேண்டும். உதறி, இழுத்து, பாதியாக்கி, ஒருவரை நோக்கி ஒருவர் நடந்து வந்து முனைகளைக் கைமாற்றிவிட்டு மறுபடி பின்னால் போக வேண்டும். நாளொன்றுக்கு நானூறு விரிப்பு. எங்கள் சலவைக்கூடத்தில் ரேடியோ அக்காவும் நெட்டை அக்காவும் பதினெட்டு வருடம் இப்படி நடந்திருக்கிறார்கள். கிட்டே வரும்போது பாதிக் கதை, விலகிப் போய்த் திரும்பி வரும்போது மீதிக் கதை.

காலையில் இயந்திரங்கள் ஓடத் தொடங்குமுன் மேற்பார்வையாளர் ரேடியோ அக்காவிடம் மட்டும் விஷயத்தைச் சொல்வார். இன்றைக்கு மருத்துவமனைத் துணி இரட்டிப்பு, மூன்றாவது தேய்ப்பு உருளை பழுது, இன்னார் விடுப்பு. அக்கா தேநீர்க் குவளையோடு ஆறு மேசையையும் ஒரு சுற்று வருவார், அவ்வளவுதான். வேலைச் செய்தியோடு யார் மகளுக்குக் காய்ச்சல், யார் வீட்டில் மனத்தாங்கல் என்பதும் சேர்ந்தே போகும். முகம் கொடுத்துப் பேசாத இரண்டு பேரை ஒரே டிராலியைத் தள்ளவிட்டுப் பேசவைத்துவிடுவார். எந்த விடுதித் துணி என்பதை முத்திரையைப் பார்க்காமலேயே, விளிம்பில் ஓடும் நூலின் நிறத்தை வைத்துப் பிரிப்பார். அதை நாங்கள் அனுபவம் என்று நினைத்தோம்.

மேற்பார்வையாளர் வேலையை விட்டுப் போனதும் அந்தக் காலைச் செய்தி, எழுத்தராக அப்போதுதான் சேர்ந்திருந்த என் தலையில் விழுந்தது. எனக்கு நாலு பேர் முன்னால் வாய் எழாது. அக்கா ஒருவரிடம் சொன்னால் போதும்தான், ஆனால் அதற்கும் அவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே. முதல் நாள் நான் மென்று விழுங்கியதைப் பார்த்து அவர் கேட்டார்:

"என்ன தம்பி, உங்க வீட்டுல வார்த்தைக்கு வாடகை வாங்குறாங்களா?"

ஆறு மேசையும் சிரித்தது. அந்த வாரமே வாசலையொட்டி ஒரு போர்டு மாட்டினேன். அன்றன்றைய வேலையைத் தட்டச்சு செய்து ஒட்டினேன். தவறுகள் குறைந்துவிட்டதாக மேலாளர் என்னைப் பாராட்டினார். நானும் பிழைத்தேன்.

அக்கா போர்டுக்கு முன்னால் கூட்டத்தின் பின்வரிசையில் நிற்பார். கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டு வந்ததாகச் சொல்லி, என்ன போட்டிருக்கிறது என்று நெட்டை அக்காவிடம் கேட்பார். காதில் வாங்கியதை எடுத்துக்கொண்டு வழக்கம்போல மேசை மேசையாகப் போவார். "படிச்சாச்சுக்கா" என்பார்கள், மரியாதையாகத்தான். அடுத்த மேசையிலும் படிச்சாச்சு. இரண்டாவது மாதத்தில் தேநீரை உட்கார்ந்த இடத்திலேயே குடிக்கத் தொடங்கினார். போர்டில் என்ன என்று நெட்டை அக்காவிடம் கேட்பதையும் விட்டுவிட்டார். டிராலிச் சண்டைகள் தீராமல் அப்படியே கிடந்தன. அந்தக் கணக்கு எந்தப் பதிவேட்டிலும் வராது என்பதால் மேலாளருக்குத் தெரியவில்லை.

எனக்குத் தெரிந்தது. படிக்கிறவர் கண் வரியோடு ஓடி, முடிந்ததும் துள்ளித் திரும்பும். அக்காவின் கண் போர்டில் ஒரே இடத்தில் நிற்கும், சுவரில் மாட்டிய படத்தைப் பார்ப்பதுபோல. வருகைப் பதிவேட்டில் அவர் கையெழுத்து ஐந்து கோடுகள்; எப்போதும் அதே ஐந்து, அதே வரிசையில், கோலம் இழுப்பதுபோல. கண்ணாடி அணிந்து அவரை நான் ஒரு நாளும் பார்த்ததில்லை. இதை யாரிடமும் நான் சொல்லவில்லை. அதைப் பண்பு என்று நினைத்துக்கொண்டு உள்ளூரப் பெருமையும் பட்டேன்.

பிறகு புதிய கட்டடம் வந்தது. நகரத்தின் மறுகோடியில் பெரிய உருளைகள், பெரிய மேசைகள். விரிப்பு வேலை முழுக்க அங்கே போகிறது; துண்டுகளும் கைக்குட்டைகளும் மட்டும் பழைய இடத்தில். விரிப்புக்காரர்கள் எல்லோரும் போகப்போகிறோம் என்று பேசித் தீர்த்துவிட்டார்கள், எந்தப் பேருந்து, யார் யாருக்கு இடம் பிடிப்பது வரைக்கும். ஆனால் வெள்ளிக்கிழமைக்குள் பட்டியலில் தன் பெயருக்கு நேரே கையெழுத்துப் போட்டவருக்கே அங்கே இடம் என்பதை நான் போர்டில் மட்டும் ஒட்டியிருந்தேன். அதை யாரும் அக்காவுக்குச் சொல்லவில்லை. ரேடியோவுக்குப் போய் யாராவது செய்தி சொல்வார்களா? பட்டியல் என் மேசையோரம் நூலில் தொங்கியது. அதற்கு முந்தைய வாரம் அதே நூலில் சீருடை அளவுப் பட்டியல் தொங்கியது. அக்கா அதில் கையெழுத்துப் போட்டிருந்தார். செவ்வாய்க்கிழமை ஒருத்தி "போட்டாச்சாக்கா?" என்று கேட்டுக்கொண்டே போனாள். "நான் போன வாரமே போட்டேன்டி, உன்ன மாதிரியா" என்றார் அக்கா. நான் பேனாவை மூடித் திறந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன். பட்டியலில் பதினோராவது, அக்காவின் கட்டம், காலி.

அப்போதே சொல்லியிருக்கலாம். அது வேறு பட்டியல் அக்கா, இதில் போடுங்கள். மூச்சு விடும் நேரம்கூட ஆகாது. பக்கத்தில் நான்கு பேர் நின்றார்கள், அவர்கள் முன்னால் அவர் முகம் எப்படிப் போகும் என்று யோசித்தேன். இப்போது எழுதும்போது தெரிகிறது, அவர் முகத்தைப் பற்றி யோசித்ததில் பாதி என் முகத்தைப் பற்றியது.

புதன்கிழமை காலை ஒரு சீட்டு எழுதினேன். பெரிய எழுத்தில், சின்னச் சின்ன வார்த்தைகளாக. எழுத்துக் கூட்டியாவது படித்துவிடுவார், இல்லையென்றால் யாரிடமாவது காட்டுவார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வாசலில் அவர் கையில் வைத்துவிட்டு நிற்காமல் போய்விட்டேன். பின்னால் ஒரு "ஓகோ" கேட்டது. யாரோ, பையனுக்கு வாய்தான் வராது, கை நல்லா வருது என்றார்கள். அக்காவும் சிரித்தார். சீட்டு மேலங்கிப் பைக்குள் போனது.

வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குப் பட்டியல் தலைமை அலுவலகத்துக்குப் போக வேண்டும். ஐந்து கோடு எனக்கு மனப்பாடம். பேனாவை எடுத்தேன். வைத்தேன். உறைக்குள் போட்டு ஒட்டி அனுப்பினேன்.

சனிக்கிழமை பெயர்கள் போர்டில் வந்தன. நெட்டை அக்கா சத்தமாகப் படித்துக்கொண்டே வந்தார், பத்துக்கு அடுத்து பன்னிரண்டு. மறுபடி மேலிருந்து படித்தார். எல்லோரும் திரும்பி ரேடியோ அக்காவைப் பார்த்தார்கள். அவருக்கு ஒரு நொடிதான் ஆனது.

"நான்தான் வேணாம்னுட்டேன். அவ்வளவு தூரம் பஸ்ல குலுங்கிக்கிட்டுப் போக என் இடுப்பு தாங்காது" என்றார்.

"ஒரு வார்த்த எங்கிட்ட சொல்லணும்னு தோணல, இல்ல?" என்றார் நெட்டை அக்கா. அன்றைய விரிப்புகளை இருவரும் பேசாமல் மடித்தார்கள். கிட்டே வந்தார்கள், முனையைக் கொடுத்தார்கள், போனார்கள்.

சாப்பாட்டு நேரத்தில் ரேடியோ அக்கா என் அறைக்கு வந்து கதவைச் சாத்தினார். நாலாக மடித்த சீட்டு, வியர்வையில் ஓரம் நைந்துபோய், மேசைமேல் வந்து விழுந்தது.

"படி" என்றார். அதுவரை என்னை அவர் நீ என்றதில்லை.

படித்தேன். வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்துப் போட வேண்டும், உங்கள் கட்டம் காலியாக இருக்கிறது, தம்பி.

"இவ்வளவுதானா?"

"இவ்வளவுதாங்க்கா."

"நாலு நாளா இத வெச்சுக்கிட்டு வேகுறேன். வயசுப் பையன் எல்லாரும் பாக்க கைல சீட்டக் குடுத்துட்டுப் போறான். இத யார்கிட்ட காட்டிப் படிக்கச் சொல்றது? எம் மகன்கிட்டயா?" குரலைத் தாழ்த்தினார். "எனக்கு வராதுன்னு உனக்குத் தெரியும்ல?"

ஆமென்று தலையை ஆட்டினேன்.

"தெரிஞ்சும் எழுதினியா."

மேலாளரிடம் போய்ச் சொல்கிறேன், பட்டியலைத் திறக்கச் சொல்கிறேன் என்றேன். உண்மையில் எழுந்தேவிட்டேன். அவர் நகராமல் கதவை மறித்து நின்றார்.

"என்னன்னு சொல்லுவ? பதினெட்டு வருசமா நெட்டைக்குக்கூடத் தெரியாம வெச்சிருக்கேன். அதச் சொல்ல மட்டும் உனக்கு வாய் வருதாக்கும்? உக்காரு."

உட்கார்ந்தேன். சீட்டை அவரே எடுத்து, துண்டுகளை மடிக்கும் கச்சிதத்தோடு மறுபடி நாலாக மடித்து, பையில் போட்டுக்கொண்டு போனார்.

இப்போது நான் புதிய கட்டடத்தில் இருக்கிறேன். நெட்டை அக்காவுக்குப் புது ஜோடி. அந்தப் பெண் காதில் பாட்டு மாட்டிக்கொண்டு மடிப்பவள். பேசாமலே நானூறு விரிப்பு முடிகிறது, சில நாள் நானூற்று இருபதுகூட. ரேடியோ அக்காவின் பெயரை நெட்டை அக்கா எடுப்பதில்லை. அவரிடமிருந்து போன் வந்தால் திரையில் தெரியும் படத்தைப் பார்த்துவிட்டுக் கவிழ்த்து வைக்கிறார். ஒரு தடவை என்னிடம் கேட்டார், "தம்பி, லிஸ்ட் உங்ககிட்டதான இருந்துச்சு. அவ கையெழுத்துப் போட வரவே இல்லையா?" இல்லை என்றேன். அது பொய்யில்லை. "தலைக்கனம்" என்று விரிப்பை உதறினார்.

புதன்கிழமைகளில் துண்டுக் கட்டுகளைச் சரிபார்க்க வண்டியோடு பழைய இடத்துக்குப் போகிறேன். துண்டு மடிக்க ஒரு ஆள் போதும். பெரிய கூடத்தில் ஒரே ஒரு மேசையில் விளக்கெரிய, அக்கா மடித்துக்கொண்டிருப்பார். போர்டு காலியாகத் தொங்குகிறது. அங்கே படிக்க யாருமில்லாததால் நானும் ஒட்டுவதில்லை. முதல் வாரம் அவர் கையை நிறுத்தாமல் கேட்டார், நெட்டை என்னைப் பற்றி ஏதாவது கேட்டாளா என்று.

"கேட்டாங்கக்கா. இடுப்பு எப்படி இருக்குன்னு கேட்டாங்க."

யோசிக்காமல் வந்துவிட்டது. அடுத்த வாரம் புது ஜோடிக்கு முனை பிடிக்கவே தெரியவில்லையாம் என்றேன். அதற்கடுத்த வாரம், உங்களைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள் என்றேன். அக்கா பதிலுக்கு ஏதாவது சொல்லி அனுப்புவார்: இடுப்பு பரவாயில்லை, அவளைப் பத்திரமாக இருக்கச் சொல், ஈரத்தில் நிற்க வேண்டாமென்று சொல். அதில் ஒன்றைக்கூட நான் நெட்டை அக்காவிடம் சேர்க்கவில்லை. சேர்த்தால் முதலில் சொன்னது பொய்யென்று தெரிந்துவிடும்.

போன புதன்கிழமை ரொம்ப நேரம் பேசினேன். பேருந்தில் எல்லோரும் அக்காவுக்காகப் பழக்கதோஷத்தில் ஒரு இருக்கை பிடித்துவைத்து, பிறகு அசடு வழிந்த கதை. முழுக்க என் கற்பனை. அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு அடுத்த துண்டை எடுத்தார்.

"பரவாயில்லையே தம்பி," என்றார். "இப்ப நல்லாப் பேச வருதே உங்களுக்கு."