பாஸ்டர் டில்மனுக்கு எதிராக எழுந்து நின்றவர்கள்

பாஸ்டர் ஹோசியா டில்மன் பெயரை எந்தப் பத்திரிகையும் போட்டதில்லை. அட்லாண்டாவின் பெரிய போராட்டத் தலைவர்களுக்கே அவற்றில் இடம் போதவில்லை. ஆனால், பேருந்தின் முன்வரிசையில் கறுப்பர்களும் உட்காரலாம் என்று எங்கள் ஊரில் முதலில் வாய் திறந்தவர் அவர்தான்.

"டிரைவர் கத்தட்டும், போலீஸ் வரட்டும். எழுந்திரிக்காதீங்க. உக்கார்றதுதான் நம்ம சண்டை" என்பார். சும்மா சொல்லவில்லை; போய் உட்கார்ந்தார். அடித்து இழுத்துப் போனார்கள். வெளியே வந்தார், மறுபடியும் உட்கார்ந்தார்.

ஞாயிறு ஆராதனை முடிந்தால் அவருக்கு எங்கள் வீட்டில்தான் சாப்பாடு. பொரித்த கோழியில் நெஞ்சுத்துண்டு அவருக்கென்றே இருக்கும். என் கணவர் லூசியஸ் சபையின் தலைமை மூப்பர். "உங்களுக்கு ஒண்ணுன்னா அது என் உசுரு போன பிறகுதான், பாஸ்டர்" என்று அந்த மேசையில் அடித்துச் சொன்னார் மனிதர்!

பருத்தி ஆலையின் வெள்ளைக்கார முதலாளி லூசியஸைக் கூப்பிட்டு, "அந்த ஆள் இருக்கிற வரைக்கும் உன் சபைக்காரன் எவனுக்கும் இங்க வேலை இல்ல" என்றான். அடுத்த ஞாயிறே சபை கூடியது. எங்கள் வாக்கெடுப்பில் சீட்டெல்லாம் கிடையாது. ஒத்துக்கொள்பவர்கள் எழுந்து நிற்க வேண்டும்.

"பாஸ்டர் போகணும்ங்கறவங்க எழுந்திரிங்க" என்றார் லூசியஸ்.

சபையே எழுந்தது. பாவிகள்! அவர் கையால் ஞானஸ்நானம் பெற்றவர்கள்.

லூசியஸ் என் பக்கம் குனிந்து, "எழுந்திருடி ஒடெசா, மானத்த வாங்காத" என்றார்.

"உக்காரத்தானே சொல்லிக் கொடுத்தாரு?" நான் அசையவில்லை.

பாஸ்டர் மற்றவர்களைப் பார்க்கவே இல்லை. "லூசியஸ், என் முகத்தப் பார்த்துச் சொல்லேன்" என்றார். லூசியஸோ தன் கையிலிருந்த அட்டை விசிறியையே பார்த்துக்கொண்டிருந்தார். நம்பவைத்துக் கழுத்தறுப்பது என்றால் இதுதான். பாஸ்டர் டெட்ராய்ட்டுக்குப் போனார். அங்கேயே செத்தும் போனார். எங்கள் சபையிலிருந்து ஒருவரும் அடக்கத்துக்குப் போகவில்லை. தகவலே பிந்தித்தான் வந்தது.

பிறகு சட்டம் மாறியது. முன்வரிசை எல்லோருக்கும் என்றானது. முதல் நாளே கோட்டு மாட்டிக்கொண்டு கிளம்பினார் என் கணவர். நான் முந்தி ஏறி முன் இருக்கையில் உட்கார்ந்து, பக்கத்தில் பையை வைத்தேன்.

"பைய எடுடி, உக்காரணும்."

"இது பாஸ்டர் இடம். உங்களுக்குத்தான் எழுந்து நிக்க நல்லா வருமே. நில்லுங்க."

கடைத்தெரு வரும்வரை கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.