பலன் இல்லாதவர் மட்டும் வரிசையில் நிற்கவும்

காலத் திருப்பு அலுவலகத்தில் மனு வாங்கும் சன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தவரை ஊரே முட்டுக்கட்டை என்று அழைத்தது. மனைவி மட்டும் மரியாதை கருதி ‘முட்டுக்கட்டையார்’ என்பாள்.

இயந்திரம் பக்கத்து அறையில் இருந்தது. மனுவில் பச்சை முத்திரை விழுந்தால் காலம் அன்றைய விடியலுக்குத் திரும்பும். சிவப்பு விழுந்தால் மனுதாரர் வீட்டுக்குத் திரும்புவார்.

விதிகள் உத்தமமானவை. பொழுது சாய்வதற்குள் கேட்க வேண்டும். ஓர் உயிருக்கு ஒரே மனு. எல்லாவற்றுக்கும் மேலாக, பலன் அடைகிறவர் கேட்கக் கூடாது. புருஷன் செத்தால் பெண்டாட்டி வரக் கூடாது, யாராவது அந்நியர் வர வேண்டும். சுயநலம் காலத்தைத் தீண்டக் கூடாதாம். எழுதியவர்கள் வீட்டில் எல்லோரும் சுகம் போலிருக்கிறது.

நம்மவர் இந்த விதியை மேலும் தீட்டினார். தையல்காரம்மாவின் புருஷன் மின்சாரம் தாக்கி இறந்த அன்று எதிர்வீட்டுக்காரர் மனுவோடு வந்தார். பலன் ஒன்றுமில்லை என்றார். “மனசுக்கு?” என்று கேட்டார் இவர். அந்த அம்மாள் அழுகை ஓய்ந்தால் நிம்மதியாகத் தூங்குவேன் என்று வெள்ளந்தியாகச் சொல்லிவிட்டார் அவர். தூக்கம் பலன் இல்லையா? சிவப்பு. மேலதிகாரி கைகுலுக்கிப் பாராட்டினார். அன்றிலிருந்து அந்தக் கேள்வி இவர் நாக்கில் குடியேறிவிட்டது. மகள் சட்டைக்குப் பொத்தான் தைத்துக் கொடுத்தால்கூட அவளுக்கென்ன பலன் என்று விசாரிப்பார்.

“உங்க சிடுமூஞ்சியைப் பாக்குற பாக்கியம்தான்ப்பா” என்பாள் அவள்.

அந்த மகள்தான் ஒரு காலையில் பேருந்துப் படியிலிருந்து விழுந்து செத்துப்போனாள்.

மனைவி ஓர் அந்நியரைத் தேடித் தெருத்தெருவாக அலைந்தாள். முட்டுக்கட்டையின் மகள் என்றதும் ஆளாளுக்கு அவசர வேலை வந்துவிட்டது. இவராலும் சன்னலை விட்டு நகர முடியாது. நகர்ந்தால் அலுவலகமே மூடப்படும். வெயில் இறங்கும் நேரத்தில் தையல்காரம்மா மனுவோடு வந்து நின்றாள்.

“உங்க சம்சாரம் என் கடை வாசல்ல உக்காந்துட்டாங்கண்ணே. எந்திரிக்க மாட்டேங்குறாங்க. குத்துங்க.”

இவர் பச்சை முத்திரையைக் கையில் எடுத்தே விட்டார். பலன் ஏதாவது உண்டா என்று முறைப்படி கேட்டார்.

“எனக்கென்ன பலன்? நீங்க என்ன மாமனா, மச்சானா?”

அத்தோடு நிறுத்தியிருக்கலாம். பழக்க தோஷம், நாக்கு நிற்கவில்லை.

“மனசுக்கு?”

பொய் சொல்லத் தெரியாத ஜென்மம் அது. கொஞ்சம் யோசித்தாள்.

“அந்தம்மா எந்திரிச்சுப் போனா, ஆறுதலா இருக்கும்ணே.”

கேட்டது அதிகாரியின் காது, குத்தியது அதிகாரியின் கை. நடுவில் தகப்பன் என்று ஒருவன் இருந்தான். அவன் ஓடி வருவதற்குள் மனுவில் சிவப்பு விழுந்திருந்தது.

சொந்த மகளுக்கும் விதியை வளைக்காத உத்தமர் என்று மேலதிகாரி கண்கலங்கினார். இவர் படத்தைச் சுவரில் மாட்டச் சொன்னார். வெளியே இருட்டிவிட்டது. தையல்காரம்மா சன்னல் கம்பியை விடவில்லை.

“அவங்ககிட்ட நான் போய் என்னண்ணே சொல்லுவேன்?”

இவர் அவளைப் பார்த்தார். பிறகு, “அடுத்த ஆளு” என்றார். வரிசையில் யாரும் இல்லை.