அட்டவணையில் பதினோரு ஊர்கள்

பல்கலைக்கழகப் பணிப் பதிவேடு அவரை இப்படிச் சொல்கிறது: "ஹமுசோண்டே, ஐந்தாம் நிலைத் தட்டச்சர். முடிவெடுக்கும் பொறுப்பு ஏதும் இல்லாத பணி."

லுசாக்கா நகரிலிருந்து வந்துகொண்டிருந்த பல்கலைக்கழக வரலாற்று ஆய்விதழில் எந்த ஊருக்கு முழுப்பெயர், எந்த ஊருக்குப் புள்ளி என்று இருபத்தாறு வருஷம் முடிவு செய்தவர் அவர்தான். அடிக்குறிப்பு என்றால் பாதிப் பெயர். அட்டவணை என்றால் தலையை மட்டும் விட்டுவைத்து ஒரு புள்ளி. முழுப்பெயர்கள் கடைசிப் பக்கத்தில் சுருக்க விளக்கமாக வரும். நல்ல ஏற்பாடுதான், அந்தக் கடைசிப் பக்கம் இருக்கிறவரை.

ஒருமுறை, அணைநீரில் மூழ்கிய, தொங்கா இனத்தாரின் ஊர்களைப் பற்றி ஒரு கட்டுரை வந்தது. கல்லறைகளோடு உள்ளே போன பத்தொன்பது ஊர்கள், ஓர் அட்டவணை. இதழ் ஒரு பக்கம் நீண்டுவிட்டது. அச்சகமோ பதினாறு பதினாறு பக்கமாகத்தான் அடிக்கும். ஹமுசோண்டே விளக்கப் பக்கத்தை உருவிவிட்டார். அந்தப் பள்ளத்தாக்கில் பாதி ஊர்ப்பெயர் 'சியா' என்றுதான் தொடங்கும். அங்கேயே பிறந்த தொங்காக்காரர் அவர், அது தெரியாதா என்ன? பதினோரு 'சியா.' ஒன்றன்கீழ் ஒன்றாக நின்றன. வரிசை அழகாக இருப்பதாகக்கூட அவருக்குத் தோன்றியது.

பதினெட்டு வருஷம் கழிந்தது. கட்டுரை எழுதியவர் இறந்துபோனார். அவருடைய குறிப்பேடுகளைக் கரையான் முடித்துவைத்தது. ஹமுசோண்டே ஓய்வுபெற இரண்டு மாதம் இருக்கையில் சித்தப்பா மகள் சூல்வே அந்த அணையின் ஏரிக்கரையிலிருந்து வந்தாள்.

"இந்தாண்ணே, கபென்டா கருவாடு. எங்கம்மா கல்லறைக்கு மேல நீந்துன மீனு. நல்லா வறுத்துத் தின்னு."

ஏரிக்கரையில் நினைவுக்கல் வைக்கப்போகிறார்களாம். அச்சில் பெயர் உள்ள ஊர்தான் கல்லில் ஏறும் என்று குழு சொல்லிவிட்டது. அச்சில் இருப்பதோ அந்த ஒரு கட்டுரை.

"எட்டு ஊரக் கண்டுபிடிச்சு எழுதிட்டாங்க. மிச்சத்துக்கு 'மற்றும் பதினோரு ஊர்கள்'னு ஒரே வரி. எங்கம்மா அந்த 'மற்றும்'ல கிடக்குறா. எவண்ணே இப்படி வெட்டுனது? ஆடு உரிக்கக்கூட லாயக்கில்லாத பய!"

"நான்தான்" என்றார் ஹமுசோண்டே.

சூல்வே சிரிக்கப் போனாள். அவர் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டாள்.

"நீயா? எங்கம்மாகிட்டதானேண்ணே நீயும் பால் குடிச்ச?"

அவர் அன்றே ஒரு பிழைத்திருத்தம் தட்டச்சு செய்து பதிப்பாசிரியர் அகாபெல்வாவிடம் கொண்டுபோனார். அகாபெல்வா லோசி இனத்துக்காரர். லோசியும் தொங்காவும் ஒருவரையொருவர் உரிமையோடு கேலி செய்துகொள்ளும் முறை உண்டு.

"வாய்யா தொங்கா! இன்னும் தண்ணிக்குள்ள மாடு தேடுறியா?"

வழக்கமாக இதற்கு ஒரு பதிலடி கிடைக்கும். அன்று ஹமுசோண்டே தாளைத்தான் நீட்டினார். அகாபெல்வா தாளை வாங்கிப் படித்தார். பணிப் பதிவேட்டை எடுத்துப் புரட்டினார்.

"பிழைத்திருத்தம்னா எழுதினவர் தப்பு, இல்ல பதிப்பாசிரியர் தப்பு. உனக்குத்தான் முடிவெடுக்கிற பொறுப்பே இல்லையேய்யா. அப்புறம் நீ எப்படித் தப்பு பண்ணியிருக்க முடியும்?"

அவர் ஆறுதலாகத்தான் சொன்னார். தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

அடுத்த மாதம் கல்லைத் திறந்தார்கள். சூல்வே அந்தக் கடைசி வரியை ஒருமுறை விரலால் தடவிப் பார்த்தாள். பிறகு ஹமுசோண்டேயை அங்கேயே விட்டுவிட்டுத் தனியாக பஸ் ஏறினாள்.

பணியின் கடைசி வாரத்தில் ஹமுசோண்டே நூலகத்துக்குப் போய், அந்த இதழின் மூன்று பிரதிகளையும் வரவழைத்து, 'சியா.' ஒவ்வொன்றின் பக்கத்திலும் பேனாவால் முழுப்பெயரை எழுதினார். முதலில் எழுதியது சியாமுவேந்தே, சூல்வேயின் அம்மா ஊர். பதினொன்றில் ஒன்பது எழுதினார். இரண்டு பெயர்கள் நினைவுக்கு வரவில்லை. கேட்பதற்கு அந்த ஊர்க்காரர்கள் யாரும் கிடைக்கவில்லை. அவற்றைப் புள்ளியோடு விட்டுவிட்டார்.